கேமராவுக்கு மீசை எதற்கு?

கேள்வி: பிளஸ் டூ முடித்த என் மகள், சினிமாவில் கேமரா பிடிக்கப் போகிறேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாள். அது ஆம்பிளைகள் வேலை இல்லையா?
- ஒரு தாய், வெள்ளிமலை, கல்வராயன்மலை

பதில்: அந்தப் பேச்சுக்கு 1985-லேயே முற்றுப்புள்ளி வைத்துவிட்டாரே பி.ஆர்.விஜயலட்சுமி! பாக்யராஜின் 'சின்ன வீடு' படத்துக்கு ஒளிப்பதிவு அவர்தான். ஆசியாவின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்றே அவரைச் சொல்வார்கள். 'கர்ணன்' எடுத்த பி.ஆர்.பந்துலுவின் மகளாயிற்றே, கதவு தானாகத் திறந்திருக்கும் என்பார்கள் சிலர். பந்துலு 1974-லேயே காலமாகிவிட்டார். மகள், ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றவர். 1995-ல் எஸ்.பி.பி. நடித்த 'பாட்டு பாடவா'வை இயக்கியதும் அவரே.

அது பிலிம் காலம். எடுத்ததை உடனே போட்டுப் பார்க்க முடியாது. நடிகர் முகத்தருகே லைட் மீட்டரை நீட்டி அளந்து, லென்ஸைத் திருகி வைத்துவிட்டால், லேபில் கழுவி வரும்வரை வயிற்றில் நெருப்புதான். அதற்கு வேண்டியது நிதானமும் நல்ல கண்ணும். இதில் மீசை எங்கே வந்தது?

உங்கள் மகளுக்கு அந்த மலையே பள்ளிக்கூடம். மூடுபனிக் காலையில் சாமைக் காட்டில் நிற்பவர் முகத்தில் நிழலே விழாது. பனி விலகியதும் அதே முகத்தில் மூக்கின் நிழல் அழுத்தமாக விழும். இதையெல்லாம் பார்த்துப் பழகட்டும். சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுக்குப் பட்டப்படிப்பே இருக்கிறது. விண்ணப்பம் போடச் சொல்லுங்கள். கள்ளக்குறிச்சி வரை வந்து சென்னை பஸ் ஏற்றிவிடும் வேலை உங்களுடையது, அம்மா!