மானின் உடும்புப்பிடி

நம் ஊரில் 2000 முதல் 2005 வரை குவாலிஸ் என்று விற்ற வண்டிக்கு இந்தோனேசியாவில் கிஜாங் என்று பெயர். அவர்கள் மொழியில் அது ஒரு வகை மான். அந்த மான் ஒன்று தூத்துக்குடியில் எங்கள் வீட்டு வாசலில் எட்டு மாதம் நின்றது. வேப்பம்பூவையும் காக்கை எச்சத்தையும் மேலே வாங்கிக்கொண்டு, கோவில் வாசல் யானைச் சிலை மாதிரி நின்றது.

15 வருடம் முடிந்த சொந்த வண்டியை ஐந்து வருடத்துக்கு ஒருமுறை ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் காட்டிப் புதுப்பிக்க வேண்டும். அந்தத் தேதி நெருங்கியதும் பேட்டரி மாற்றி, சாவி திருகி, கியர் போட்டு கிளட்சை விட்டேன். வண்டி பின்பக்கத்தைத் தூக்கிக் காட்டியதே தவிர நகரவில்லை. இன்னும் கொஞ்சம் ஆக்ஸிலேட்டர் கொடுத்தால் இடது பின் டயர் சுழலாமலே மண்ணில் கோடு போட்டுக்கொண்டு வருகிறது. ஜூன் மாதத்தில் ஒன்றாம் வகுப்பு வாசலுக்கு இழுத்துவரப்படும் பிள்ளைகள் இப்படித்தான் காலை ஊன்றிக்கொள்வார்கள். நான் வாத்தியார், நிறையப் பார்த்திருக்கிறேன்.

காரணம் எனக்குத் தெரியும். எட்டு மாதத்துக்கு முன்னால் வண்டியை நிறுத்தியபோது ஹேண்ட் பிரேக்கைப் பலம் கொண்ட மட்டும் இழுத்து வைத்தவன் நான்தான். எங்கள் தெருவில் ஒரு கோலிக்குண்டை வைத்தால்கூடத் தானாக உருளாது. அவ்வளவு சமதளம். இருந்தாலும் ஒரு ஜாக்கிரதை. நாட்டின் உப்பு உற்பத்தியில் குஜராத்துக்கு அடுத்த இடம் தமிழ்நாட்டுக்கு, அதில் பெரும்பங்கு எங்கள் மாவட்டத்துக்கு. இங்கே காற்றே உப்புக்கரிக்கும். ஜன்னல் கம்பியையே தின்னும் காற்று, பிரேக் டிரம்மை மட்டும் விட்டுவைக்குமா?

மெக்கானிக்குக்கு போன் போட்டேன்.

“வண்டியக் கொண்டாங்க சார், பாத்துருவோம்.”

“வண்டி நகரலையேப்பா. அதுக்குத்தானே கூப்பிடுதேன்.”

“நகராட்டி எப்படி சார் பாக்கது?”

இந்தத் தர்க்கத்துக்கு என்னிடம் பதில் இல்லை. நானே கழற்றுவது என்று முடிவு செய்தேன். பதினோராம் வகுப்புக்கு வருடாவருடம் உராய்வு பாடம் நடத்துகிறவன் நான். தவிர, யூடியூபில் ஒரு வெள்ளைக்காரர் டயரைக் கழற்றி, டிரம்மைச் சுத்தியலால் மூன்று தட்டுத் தட்டினார். அது பழுத்த கொய்யா மாதிரி அவர் கையில் விழுந்தது. மொத்தம் நான்கு நிமிடம். வெள்ளைச் சட்டை வேறு போட்டிருந்தார், அதில் ஒரு பொட்டு அழுக்கில்லை. அப்போதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும்.

முதல் ஞாயிறு. முன் டயர்களுக்கு இரண்டு பக்கமும் செங்கல் அண்டை கொடுத்தேன். ஹேண்ட் பிரேக்கை விடுவித்தேன். ஜாக்கி ஏற்றி, கழற்றிய டயரையே சேஸிசுக்கு அடியில் தள்ளி வைத்தேன். ஜாக்கி நழுவினாலும் வண்டி டயர்மேல் உட்காரும், என்மேல் உட்காராது. இதுவரை எல்லாம் ஒழுங்காகச் செய்தேன் என்பதைப் பதிவு செய்துகொள்கிறேன். இதற்குப் பிறகு அந்த வார்த்தைக்கு வேலை இல்லை.

தட்டினேன். வீடியோக்காரர் தட்டியபோது டிரம் மணி மாதிரி ஒலித்தது. என்னுடையது அரிசி மூட்டையில் அடித்த மாதிரி ‘தொப்’ என்றது. தளர்ந்த இரும்புதான் ஒலிக்கும், பிடித்துக்கொண்ட இரும்பு முனகும். இது ஒலியியல் பாடம். தெரிந்துகொண்டே இன்னும் நாற்பது அடி போட்டேன். விளிம்பில் அடிக்கக்கூடாது, டிரம் வார்ப்பிரும்பு, வளையாது, உடைந்துவிடும். முகப்பில், போல்ட்டுகளுக்கு நடுவேதான் அடிக்க வேண்டும். நான் சரியான இடத்தில்தான் அடித்தேன். சில அடிகள் பெருவிரலிலும் விழுந்தன.

சத்தம் கேட்டுத் தெரு கூடியது. ஒரு தெருவில் ஒருவன் ஸ்பேனரோடு உட்கார்ந்தால் பத்துப் பேர் யோசனையோடு வருவார்கள். மண்ணெண்ணெய் ஊற்றச் சொன்னார் ஒருவர். தேங்காய் எண்ணெய் என்றார் இன்னொருவர். மூன்றாமவர், சூடு காட்டினால் இரும்பு விரிந்து கழன்றுவிடும், பெட்ரோலில் துணியை நனைத்துக் கொளுத்துங்கள் என்றார். இயற்பியல்படி அவர் சொன்னது தப்பில்லை. நான் தரையில் குச்சியால் கணக்குப் போட்டுப் பார்த்தேன். டிரம்மின் நடுத்துளை பத்து சென்டிமீட்டர் இருந்தால், 100 டிகிரி சூடேற்றினால் ஏறக்குறைய 0.1 மில்லிமீட்டர் விரியும். துருவின் பிடியை உடைக்க அது போதும்.

“அப்ப டீசல் டேங்க் எவ்வளவு விரியும்?” என்று கேட்டாள் என் மனைவி. கணக்கைக் காலால் அழித்துவிட்டேன்.

இதற்கிடையில் கோவில்பட்டியிலிருந்து அம்மா போன் பேசினாள். டிரம்மைக் கழற்ற முடியவில்லை என்று மருமகள் சொல்ல, “ஐயையோ, தண்ணி நெறஞ்சு நிக்கா? மொதல்ல தண்ணியக் காலி பண்ணிட்டு உருட்டச் சொல்லு” என்றாள். எங்கள் பக்கத்தில் டிரம் என்றால் நீல நிறத் தண்ணீர் டிரம்தான். அன்றைக்குக் கிடைத்த யோசனைகளில் வண்டிக்கு எந்தக் கெடுதலும் செய்யாதது அது ஒன்றுதான்.

மண்ணெண்ணெய்க்குப் பதிலாக டபிள்யூ.டி. 40 வாங்கினேன். 1953-ல் அமெரிக்காவில் ராக்கெட் இரும்பு துருப்பிடிக்காமல் இருக்க, ஈரத்தை விரட்டும் ஒரு திரவத்தைத் தேடினார்களாம். நாற்பதாவது முயற்சியில் கிடைத்ததால் பெயரிலேயே 40. அட்லஸ் ஏவுகணையின் மேல்தோலைக் காத்த திரவம் என் குவாலிஸுக்குப் போதாதா என்று நடுத்துளை ஓரத்திலும் போல்ட்டு அடிகளிலும் அடித்தேன். லைனிங் பக்கம் எண்ணெய் போனால் பிறகு பிரேக்கே பிடிக்காது, ஆகையால் சிக்கனமாக. இரவு முழுக்க ஊறவிட்டேன். காலையில் துரு நன்றாக ஊறிப் பளபளப்பாக இருந்தது. டிரம் அசையவில்லை.

இரண்டாம் ஞாயிறுக்குள் கழற்றும் வழியைப் படித்துவிட்டேன். டிரம் முகப்பில் மரை போட்ட இரண்டு சின்ன ஓட்டைகள் உண்டு. அதுவரை அவை ஏதோ அலங்காரம் என்றிருந்தேன். அவற்றில் 8 மில்லிமீட்டர் போல்ட்டு இரண்டைத் திருகினால் போல்ட்டு முனை உள்ளே இருக்கும் ஹப்பில் முட்டி, டிரம்மை வெளியே தள்ளும். செய்தவர்கள் அதைக் கழற்றும் வழியையும் அதிலேயே வைத்துத்தான் அனுப்பியிருக்கிறார்கள். சுத்தியலோடு போனது என் அவசரம்.

போல்ட்டுக்குக் கடை கடையாக அலைந்தேன். தடிமன் சரியாக இருந்தால் மரை சேரவில்லை, மரை சேர்ந்தால் நீளம் போதவில்லை. பழந்தமிழில் மரை என்பதும் மான் இனம்தான். மான் பெயர் வைத்த வண்டிக்கு மரை தேடி அலைகிறோமே என்று நடுக்கடையில் தனியாகச் சிரித்தேன். கடைக்காரர் சில்லறையைக் கையில் தராமல் மேஜையில் வைத்துத் தள்ளிவிட்டார்.

ஆணியால் ஓட்டையில் அடைத்த துருவைச் சுரண்டி, இரண்டு போல்ட்டையும் மாற்றி மாற்றி அரைச் சுற்று. ஒரே பக்கம் திருகினால் டிரம் கோணிக்கொண்டு இன்னும் இறுகும். ஆறாவது அரைச் சுற்றில் ‘டக்’ என்று ஒரு சத்தம். என் வாழ்வில் பத்தாம் வகுப்பு ரிசல்ட்டுக்குப் பிறகு அப்படி ஒரு சந்தோஷம் இல்லை. டிரம் மூன்று மில்லிமீட்டர் வெளியே வந்தது.

அத்தோடு நின்றது. ஆடுகிறது, வரவில்லை. மறுபடி தட்டினால் மணி மாதிரி ஒலிக்கிறது, வரவில்லை. காலை வண்டியில் ஊன்றிக்கொண்டு இரண்டு கையாலும் இழுத்தேன். நான்தான் நகர்ந்தேன்.

கோபம் வரலாற்றின் மேல் திரும்பியது. டிரம் பிரேக்குக்கு இன்றைய வடிவத்தை 1902-ல் தந்தவர் பிரான்சின் லூயி ரெனோ என்பார்கள். அதே 1902-ல் இங்கிலாந்தில் லான்செஸ்டர் என்பவர் டிஸ்க் பிரேக்குக்குக் காப்புரிமை வாங்கினார். என் வண்டியில் முன்னால் டிஸ்க், பின்னால் டிரம். லான்செஸ்டரின் யோசனையையே நான்கு சக்கரத்துக்கும் வைத்திருந்தால் என் ஞாயிறு என்னிடம் இருந்திருக்கும்.

எதிர்வீட்டு அண்ணாச்சி துறைமுகத்து லாரிகளுக்கு முப்பது வருடத்துக்கு மேல் மெக்கானிக்காக இருந்து ஓய்ந்தவர். இரண்டு ஞாயிறும் திண்ணையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டேதான் இருந்தார். போய்க் கூப்பிட்டேன்.

“பாத்துக்கிட்டேதான இருந்தீங்க அண்ணாச்சி, ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?”

“கூப்பிடாம எப்படி சார் வாரது? வாத்தியார் வேற.”

வந்து, குனியாமலே கேட்டார். “ஹேண்ட் பிரேக் எறக்கியாச்சா?”

“முதல் வேலையே அதான் அண்ணாச்சி. அப்பவே விட்டுட்டேன்.”

“நீங்க விட்டுட்டீங்க. அது விடலையே!”

வண்டிக்கு அடியில் கையை விட்டு ஹேண்ட் பிரேக் கேபிளைத் தொட்டுக் காட்டினார். கம்பியாக விறைத்திருந்தது. எட்டு மாதம் இழுத்த நிலையிலேயே நின்றதில் கேபிள் உறைக்குள் துரு ஏறிவிட்டது. நான் லிவரை விட்டாலும் கேபிள் பின்னால் போகவில்லை. உள்ளே இரண்டு பிரேக் ஷூவும் இன்னும் டிரம்மைக் கட்டிப் பிடித்துக்கொண்டுதான் இருந்தன. போதாக்குறைக்கு, ஓடி ஓடி ஷூ தேய்த்த இடம் பள்ளமாகி, டிரம்மின் ஓரம் வரம்பு மாதிரி எழும்பி நிற்குமாம். வெளியே வரும் டிரம்மை அந்த வரம்பு ஷூவில் மாட்டி நிறுத்துகிறது. ஆக, பிடி இரண்டு. நடுவில் துருப்பிடி, ஓரத்தில் ஷூவின் பிடி. முதல் பிடியை போல்ட்டு வென்றுவிட்டது. இரண்டாவதற்கு அடியே கூடாது, ஷூவைச் சுருக்க வேண்டும்.

அதற்கு வண்டியின் உட்பக்கம், பிரேக் தட்டின் பின்னால் ரப்பர் மூடி போட்ட ஒரு ஓட்டை இருக்கும். படுத்துத் தேடினேன். மூடி மண் நிறத்தில் இருந்தது. தொட்டால் உதிர்ந்தது. ரப்பர் எப்போதோ விழுந்துபோக, அந்த இடத்தில் ஒரு குளவி கூடு கட்டி அச்சாக மூடி வைத்திருந்தது. நல்ல வேளை, குளவி வீட்டில் இல்லை.

உள்ளே பல்பல்லாக ஒரு சின்னச் சக்கரம். ஸ்க்ரூ டிரைவரால் அதை நெம்ப நெம்ப ஷூக்கள் சுருங்கும் என்றார் அண்ணாச்சி. நெம்பினேன். ‘கிளிக்’ என்றது. வெண்ணெய் மாதிரிச் சுற்றியது. ஏழெட்டுப் பல் தாண்டியதும் கொஞ்சம் இறுகியது. வேலை நடக்கிறது என்று எண்ணிக்கொண்டு பன்னிரண்டு பல் வரை போனேன்.

“எத்தனை ஆச்சு?”

“பன்னெண்டு.”

“லேசா சுத்துதோ?”

“ஆமா அண்ணாச்சி.”

“லேசா சுத்துனா அது டைட் ஆகுத பக்கம் சார்.”

விஷயம் இதுதான். ஷூ தேயத் தேய அந்தச் சக்கரம் தானே சுற்றி இடைவெளியை நிரப்பிக்கொள்ளும். அது பின்னால் திரும்பிவிடாமல் ஒரு சின்னத் தகடு காவல் நிற்கும். இறுக்கும் பக்கம் தகடு வழிவிடும், தளர்த்தும் பக்கம் விடாது. இன்னொரு ஸ்க்ரூ டிரைவரால் அந்தத் தகட்டைத் தள்ளிப் பிடித்துக்கொண்டுதான் திருப்ப வேண்டும். ஒரே ஓட்டை, இரண்டு ஸ்க்ரூ டிரைவர், முகத்துக்கு நேரே எட்டு மாதத் துரு. மனைவி டார்ச் பிடித்தாள். என் முகத்துக்குத்தான் வெளிச்சம் சரியாக விழுந்தது. போட்ட பன்னிரண்டையும் திருப்பி, மேலே பதினைந்து பல் தளர்த்தினேன்.

அண்ணாச்சி டிரம்மின் இரண்டு பக்கமும் கை வைத்து, வீட்டுக்கு வந்த பிள்ளையின் கன்னத்தைத் தொடுவது மாதிரி லேசாக ஆட்டினார். வந்துவிட்டது. ஒரு பெரிய பூசணிக்காய் கனம் இருக்கும்.

உள்ளே கறுப்புத் தூள் அப்பிக் கிடந்தது. நான் வாயைக் குவித்ததும் அண்ணாச்சி அதட்டினார், ஊதக்கூடாது. பழைய லைனிங்கில் ஆஸ்பெஸ்டாஸ் இருக்கலாம், ஈரத்துணியால் துடைத்து எடுக்க வேண்டும். துடைத்தால், ஒரு பக்க லைனிங் ஷூவை விட்டு உரிந்து டிரம்மோடு ஒட்டிக்கொண்டு வந்திருந்தது. ஷூ வெறும் இரும்பாக நின்றது. இதோடு ரோட்டில் ஓட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அங்கே யாரும் பேசவில்லை. மனைவி உள்ளே போய்க் காபி போட்டுக்கொண்டு வந்தாள். அண்ணாச்சிக்கு முதலில் கொடுத்தாள்.

டிரம்மை உப்புத்தாள் போட்டுத் தேய்த்து வைத்திருக்கிறேன். புதுக் கேபிளுக்குச் சொல்லியாயிற்று. புது ஷூ செட் வாங்கப் போனபோதுதான் கடைக்காரர் சொன்னார், ஷூவை ஒரு பக்கம் மட்டும் மாற்றக்கூடாது, மாற்றினால் பிரேக் ஒரு பக்கமாக இழுக்கும், இரண்டு பக்கமும் சேர்த்துத்தான் மாற்ற வேண்டும் என்று.

வலது பக்க டிரம் இன்னும் வண்டியில்தான் இருக்கிறது. அந்தப் பக்கத்துப் பல் சக்கரம் எதிர்த்திசையில் சுற்றுமாம். வருகிற ஞாயிறு காலை ஏழு மணிக்கு ஆரம்பிக்கிறோம். யோசனை சொல்ல வருகிறவர்கள் தாராளமாக வரலாம், காபி உண்டு. பெட்ரோல் மட்டும் கொண்டுவர வேண்டாம்.