உப்பில்லாக் குழம்பும் உத்தமர் காண்ட்டும்

கேள்வி: அறம், நெறி என்று இரண்டாயிரம் வருடங்களுக்கு மேலாகத் தத்துவவாதிகள் பேசிக்கொண்டே இருக்கிறார்களே, இன்னுமா முடிவுக்கு வரவில்லை?
— ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், குடியாத்தம்

முடிவுக்கு வந்திருந்தால் இத்தனை பல்கலைக்கழகங்களில் இத்தனை பேருக்குச் சம்பளம் எப்படி வரும், ஐயா? சண்டை எதைப் பற்றி என்று மட்டும் சொல்கிறேன். ஜெர்மன் தத்துவவாதி இம்மானுவேல் காண்ட் 1785-ல் எழுதிய புத்தகத்தில் ஒரு கடைக்காரர் வருகிறார். விவரம் தெரியாத சின்னப் பையன் வந்தாலும் கூடுதலாக வாங்காமல் எல்லோருக்கும் ஒரே விலை சொல்கிறவர். நல்ல மனுஷன் என்றுதானே சொல்வோம்? அங்கேதான் மூன்று கட்சி பிரிகிறது.

முதல் கட்சி பயன்வாதம். தலைவர் இங்கிலாந்தின் ஜெரமி பெந்தாம். பையன் ஏமாறவில்லை, அவன் அம்மா சண்டைக்கு வரவில்லை, தெருவுக்கே கடைமேல் நம்பிக்கை. மொத்தத்தில் சந்தோஷம் கூடியிருக்கிறது, ஆகவே நல்ல செயல். கடைக்காரர் மனசுக்குள் என்ன நினைத்தார் என்பதெல்லாம் அப்புறம்.

காண்ட் விடமாட்டார். 'பேர் கெட்டால் வியாபாரம் படுத்துவிடும்' என்று கணக்குப் போட்டு நேர்மையாக இருந்தால் அதில் தப்பில்லை, ஆனால் அறத்துக்கான மார்க் பூஜ்யம். கடமை என்பதற்காகவே செய்திருந்தால்தான் மார்க்.

மூன்றாவது கட்சி கிரேக்கத்து அரிஸ்டாட்டிலுடையது. நற்பண்பு அறவியல் என்கிறார்கள். அவர் பார்ப்பது ஒரு நாள் வியாபாரத்தை விட்டுவிட்டு ஆளை. இந்த மனிதர் எப்படிப்பட்டவர்? சரியான விலை சொல்வது அவருக்குக் கைப்பழக்கமாகிவிட்டதா, அதில் அவருக்குச் சந்தோஷமா, இல்லை பல்லைக் கடித்துக்கொண்டு சொல்கிறாரா? ஏமாற்றக் கை துறுதுறுத்தும் அடக்கிக்கொண்டவரைப் பார்த்து காண்ட், 'இவரிடம்தான் அறம் பளிச்சென்று தெரிகிறது' என்பார். அரிஸ்டாட்டிலோ, 'பரவாயில்லை, ஆனால் இன்னும் ஒரு படி ஏற வேண்டும்' என்பார். அவர் கணக்கில் நல்லவர் என்றால் கை துறுதுறுக்கவே கூடாது.

என் ஓட்டு? வருஷத்துக்கு ஒருமுறை வரும் பெரிய சிக்கலுக்குக் காண்ட்டும் பெந்தாமும் தேவைப்படுவார்கள். மற்ற நாட்களில் நம்மை நடத்துவது பழக்கம்தான். அதைப் பற்றிப் பேசியவர் அரிஸ்டாட்டில்.

கேள்வி: எதிலும் நடுவழிதான் நல்லது என்று அரிஸ்டாட்டில் சொன்னாராமே. அப்படியானால் லஞ்சம் அளவோடு வாங்கலாமா?
— அரசு ஊழியர் (துறையைக் கேட்காதீர்கள்), விழுப்புரம்

உங்களைப் போல ஒருவர் வருவார் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. தைரியம் என்பது கோழைத்தனத்துக்கும் அசட்டுத் துணிச்சலுக்கும் நடுவே, தாராளம் என்பது கஞ்சத்தனத்துக்கும் ஊதாரித்தனத்துக்கும் நடுவே என்று சொல்லிக்கொண்டே வந்தவர், தன் 'நிக்கோமாக்கிய அறவியல்' நூலின் அதே இரண்டாம் புத்தகத்தில் கறாராக ஒரு கோடு போடுகிறார். திருட்டு, கொலை, பிறன்மனை நாடுதல் போன்றவற்றுக்கு நடுவழி கிடையாது. பேரிலேயே கெட்டது இருக்கிறது. சரியான நேரத்தில், சரியான அளவில், சரியான ஆளின் மனைவியோடு என்றெல்லாம் பேச முடியாது.

இன்னொன்று: அவருடைய நடு, ஸ்கேல் வைத்து அளக்கிற நடு இல்லை. பத்து பங்கு சாப்பாடு அதிகம், இரண்டு பங்கு குறைவு, ஆகவே எல்லோரும் ஆறு பங்கு சாப்பிடுங்கள் என்று பயிற்சியாளர் சொல்வாரா? மைலோ என்ற புகழ்பெற்ற மல்லனுக்கு அது போதாது, புதிதாகப் பயிற்சிக்கு வந்தவனுக்கு அது திணறல். ஆளைப் பார்த்து, வேளையைப் பார்த்து அளவு மாறும். அதைக் கண்டுபிடிக்கிற விவேகம் அனுபவத்தில்தான் வரும், சூத்திரத்தில் வராது என்றார். உங்கள் விஷயத்தில் அளவு மாறாது. அது பூஜ்யம்.

கேள்வி: கல்யாணமாகி முதல் விருந்து. மாமியார் வைத்த குழம்பில் உப்பே இல்லை. 'எப்படி இருக்கு மாப்பிள்ளை?' என்றார்கள். 'பிரமாதம் அத்தை' என்றேன். பாவமா?
— புது மாப்பிள்ளை, காரைக்குடி

பெந்தாம் உங்கள் முதுகில் தட்டிக்கொடுப்பார். காண்ட்டிடம் போய்விடாதீர்கள். 1797-ல் அவர் ஒரு கட்டுரை எழுதினார். உங்கள் நண்பன் உங்கள் வீட்டுக்குள் ஒளிந்திருக்கிறான். கொலைகாரன் வாசலில் நின்று 'உள்ளே இருக்கிறானா?' என்று கேட்கிறான். அப்போதும் பொய் சொல்லக்கூடாது என்றார்! பிரான்சின் பெஞ்சமின் கான்ஸ்டன்ட் இது அநியாயம் என்று கிளப்பிய வாதத்துக்கு அவர் கொடுத்த பதில் அது. நீங்கள் 'இல்லை' என்று சொல்ல, நண்பன் அதற்குள் பின்வாசல் வழியாக நழுவியிருக்க, திரும்பிப் போகிற கொலைகாரன் கையில் அவன் தெருவில் மாட்டினால் அந்தப் பழி உங்கள் மேல்தான் என்று வேறு சேர்த்துக்கொண்டார். அத்தனை பெரிய மூளை இப்படி ஒரு முட்டுச்சந்தில் போய் நின்றதை அவருடைய சீடர்களே இன்றுவரை சரிக்கட்டப் பார்க்கிறார்கள். நம் வள்ளுவர் வாய்மை அதிகாரத்தின் இரண்டாவது குறளிலேயே, குற்றமில்லாத நன்மை தருமானால் பொய்யும் வாய்மைக் கணக்கில் சேரும் என்று வழிவிட்டுவிட்டார்.

ஆனால் காண்ட் தடுத்தது பொய்யைத்தான். வாயை மூடிக்கொள்வதை அவர் தடுக்கவில்லை. அந்த வித்தையில் அவரே கெட்டிக்காரர். மதத்தைப் பற்றி அவர் எழுதியது பிரஷ்ய மன்னர் இரண்டாம் ஃபிரடெரிக் வில்லியமுக்குப் பிடிக்காமல் 1794-ல் கண்டனம் வந்தது. இனி அதைப் பற்றி எழுதவோ பேசவோ மாட்டேன் என்று, மன்னருடைய விசுவாசமான பிரஜை என்ற முறையில், காண்ட் எழுதிக் கொடுத்தார். 1797-ல் மன்னர் காலமானார். அடுத்த வருஷமே காண்ட் மறுபடி மதத்தைப் பற்றிப் புத்தகம் போட்டார். நான் வாக்குக் கொடுத்தது அந்த மன்னர் இருக்கும்வரை மட்டும், அதற்காகத்தான் பார்த்துப் பார்த்து அந்த வார்த்தைகளைப் போட்டேன் என்று முன்னுரையில் விளக்கமும் எழுதினார்.

ஆகவே மாப்பிள்ளை, அடுத்த விருந்தில் ஒன்றும் சொல்லாமல் இலையைக் காட்டி, 'அத்தை, அப்பளம்' என்று கேளுங்கள். காண்ட்டும் சும்மா இருப்பார்.

கேள்வி: தறிகெட்டு ஓடும் டிராம், தண்டவாளத்தில் ஐந்து பேர், திருப்பிவிட்டால் வேறு பாதையில் ஒருவர்தான் சாவார். என் பேரன் மொபைலில் பார்த்துவிட்டுத் தினமும் கேட்டுத் தொல்லை பண்ணுகிறான். இதைக் கண்டுபிடித்தது யார்?
— பாட்டி, ஸ்ரீவில்லிபுத்தூர்

ஒரு பெண்மணிதான், அம்மா. ஆக்ஸ்ஃபோர்டின் ஃபிலிப்பா ஃபுட், 1967-ல். அமெரிக்க ஜனாதிபதியாக இருந்த குரோவர் கிளீவ்லாந்தின் பேத்தி. கருக்கலைப்பு பற்றிய கட்டுரையில் நாலைந்து உதாரணங்களுக்கு நடுவே டிராம் ஓட்டுநரை ஓரமாக நிறுத்தியிருந்தார். பிறகு ஜூடித் ஜார்விஸ் தாம்சன் என்ற தத்துவவாதி பாலத்தின் மேல் ஒரு பருமனான ஆளை நிறுத்தி, 'இவரைத் தள்ளிவிட்டால் டிராம் நிற்கும், தள்ளலாமா?' என்று கேட்டார். சுவிட்சைத் திருப்பலாம் என்ற பலரும் ஆளைத் தள்ளக் கூடாது என்கிறார்கள். கணக்கு ஒன்றுதான், ஐந்துக்கு ஒன்று. ஏன் மனசு மாறுகிறது என்பதுதான் இன்றுவரை தகராறு.

பொம்மை டிராமை விட எனக்கு முக்கியமாகப் படுவது நிஜத்தில் நடந்த ஒன்று. ஹிரோஷிமா, நாகசாகி மேல் அணுகுண்டு போட உத்தரவிட்ட ஹாரி ட்ரூமனுக்கு 1956-ல் ஆக்ஸ்ஃபோர்ட் பல்கலைக்கழகம் கௌரவப் பட்டம் கொடுக்க முடிவு செய்தது. ஃபுட்டின் தோழி எலிசபெத் ஆன்ஸ்கோம் சபையில் எழுந்து எதிர்த்தார். குண்டு போட்டதால் போர் சீக்கிரம் முடிந்தது, அதனால் பல உயிர் பிழைத்தது என்பது ட்ரூமன் தரப்பின் கணக்கு. அப்பாவிகளைக் கொல்வதையே ஒரு வழியாகத் தேர்ந்தெடுத்தால் அதற்குப் பெயர் கொலை, கூட்டல் கழித்தல் அதை மாற்றாது என்பது ஆன்ஸ்கோமின் வாதம். அவர் பக்கம் நின்றவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். பட்டம் கொடுக்கப்பட்டது.

அவர் அடங்கவில்லை. படித்தவர்கள் இத்தனை பேர் எப்படி இதற்குத் தலையாட்டினார்கள் என்ற கேள்வி அவரை விடவில்லை. 1958-ல் ஒரு கட்டுரை எழுதினார். விளைவை மட்டும் பார்த்துத் தீர்ப்புச் சொல்லும் போக்குக்கு 'விளைவுவாதம்' என்று பெயர் வைத்தது அதில்தான். கடவுள் போன்ற ஒரு சட்டம் இயற்றுபவரை நம்பாமல் 'செய்தே ஆகவேண்டும்' என்று மட்டும் பேசுவது வெற்று அதிகாரம் என்று காண்ட் கட்சியையும் சேர்த்து விளாசினார். நீதி, தைரியம், நாணயம் என்றால் என்ன, அவை மனிதனிடம் எப்படி உருவாகின்றன என்று அரிஸ்டாட்டில் ஆரம்பித்த இடத்துக்கே திரும்பிப் போங்கள் என்றார். நூற்றாண்டுகளாகத் தூசி படிந்து கிடந்த நற்பண்பு அறவியல் மறுபடி வகுப்பறைக்கு வந்தது அந்தக் கட்டுரையால்தான். எழுதியவர் ஏழு பிள்ளைகளின் தாய். பேரனிடம் டிராமோடு நிறுத்தாமல் இதையும் சொல்லுங்கள்.

கேள்வி: பெந்தாமின் உடல் இன்னும் லண்டனில் உட்கார்ந்திருக்கிறதாமே, உண்மையா?
— கல்லூரி மாணவி, நாகர்கோவில்

உண்மை. 1832-ல் இறந்தார். உயில்படி உடலை மருத்துவப் பாடத்துக்காக அறுத்துப் பார்த்த பிறகு, எலும்புக்கூட்டுக்கு அவருடைய உடையையே போட்டு, நாற்காலியில் உட்கார வைத்தார்கள். லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரியில் இருக்கிறது. நிஜத் தலையைப் பதப்படுத்தியது சொதப்பிவிட்டதால் மெழுகுத் தலை. செத்த பிறகும் பயன்பட வேண்டும் என்றவரைக் கேலி பண்ண எனக்கு மனசு வரவில்லை. விலங்குகளுக்குப் பேச்சு வருமா, யோசிக்கத் தெரியுமா என்று கேட்காதே, வலிக்குமா என்று கேள் என்று 1789-லேயே எழுதியவர் அவர்.

அவர் வழிவந்த ஜான் ஸ்டூவர்ட் மில்லிடம்தான் எனக்கு வழக்கு. பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டு 1867-ல் பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் வாதாடியவர். அதே மனிதர் 1823 முதல் 1858 வரை கிழக்கிந்தியக் கம்பெனியின் லண்டன் அலுவலகத்தில் உட்கார்ந்து நமக்கு உத்தரவு எழுதிக்கொண்டிருந்தார். இந்தியாவுக்கு ஒருமுறைகூட வந்ததில்லை. சுதந்திரம் பற்றி எழுதிய புகழ்பெற்ற புத்தகத்தில், பின்தங்கிய மக்களுக்கு இது பொருந்தாது என்று ஒரு விலக்கும் போட்டார். அந்த விலக்கு யாருக்கென்று விளக்க வேண்டியதில்லை.

கேள்வி: அரிஸ்டாட்டில் மட்டும் யோக்கியமா? அடிமை முறையை ஆதரித்தவர்தானே?
— தொழிற்சங்கத் தோழர், ஆவடி

ஆமாம் தோழர். சிலர் பிறவியிலேயே அடிமைகள் என்று 'அரசியல்' நூலின் முதல் புத்தகத்திலேயே எழுதினார். சப்பைக்கட்டு கட்ட மாட்டேன். அவருடைய முறையின் பலவீனமும் இங்கேதான் தெரிகிறது. நல்ல மனிதரைப் பார்த்துக் கற்றுக்கொள் என்றால், நல்ல மனிதர் யார் என்று சொல்வது யார்? ஊர்ப் பெரிய மனிதர்களின் குணங்களையே நற்குணப் பட்டியலாக எழுதிவிடும் ஆபத்து அவரிடம் இருந்தது, நம்மிடமும் இருக்கிறது. அந்த இடத்தில் மனிதரை வெறும் கருவியாக நடத்தாதே என்ற காண்ட்டின் கறார்தான் கைகொடுக்கும்.

கேள்வி: நான் பள்ளி ஆசிரியை. என் மகன் சட்டைப் பையில் பிட் பேப்பர் கிடைத்தது. காட்டிக்கொடுக்கவா?
— பெயர் வேண்டாம், ஊரும் வேண்டாம்

ஆட்டைத் திருடிய தகப்பனை மகனே காட்டிக்கொடுத்தான் என்று ஒருவர் பெருமையடித்தபோது, எங்கள் ஊரில் தகப்பனும் மகனும் ஒருவரை ஒருவர் மறைப்பார்கள், நேர்மை அதில் இருக்கிறது என்றார் கன்ஃபூசியஸ். கிரேக்கத்தில் பெற்ற தகப்பன் மேலேயே கொலை வழக்குப் போடக் கிளம்பிய யூதிஃப்ரோவை, 'அவ்வளவு நிச்சயமாகத் தெரியுமா தம்பி?' என்று சாக்ரடீஸ் குடைந்தார். பெரிய ஆட்களே ரத்தபந்தத்தில் தயங்கியிருக்கிறார்கள், டீச்சர். என் கருத்து: இன்னும் தேர்வு எழுதவில்லை என்றால் பேப்பரைக் கிழித்துப் போட்டு, இன்று ராத்திரி பக்கத்தில் உட்கார்ந்து படிக்க வையுங்கள். எழுதிவிட்டான் என்றால், அவனே போய் ஒப்புக்கொள்ள நீங்கள் கூடப் போங்கள்.

கேள்வி: நகைச்சுவை நற்குணமா?
— வாசகர், திருச்சி

அரிஸ்டாட்டிலின் பட்டியலில் உண்டு, அறவியல் நூலின் நாலாம் புத்தகத்தில். ஒரு பக்கம் கோமாளி, மறுபக்கம் சிரிக்கவே தெரியாத உம்மணாமூஞ்சி, நடுவே இடமறிந்து கிண்டல் பண்ணத் தெரிந்தவன். அந்தப் பக்கத்தை எங்கள் ஆசிரியர் மேஜையில் வைத்திருக்கிறேன். சம்பளத்தில் இன்னும் தெரியவில்லை.

கேள்வி: 'நல்ல குணம்' என்று ஒன்று உண்மையிலேயே இருக்கிறதா, இல்லை எல்லாம் சந்தர்ப்பம்தானா?
— மனோதத்துவம் படிப்பவர், கோவை

கேட்டீர்களே, இதுதான் அரிஸ்டாட்டில் கட்சிக்கு வயிற்றைக் கலக்கும் கேள்வி. டார்லி, பேட்சன் என்ற இருவர் 1973-ல் வெளியிட்ட ஆய்வு. அமெரிக்காவின் பிரின்ஸ்டனில், பாதிரியாராகப் படிக்கும் மாணவர்களை, பக்கத்துக் கட்டடத்துக்குப் போய்ப் பேசச் சொல்லி அனுப்பினார்கள். பாதிப் பேருக்குக் கொடுத்த தலைப்பே பைபிளில் வரும் நல்ல சமாரியன், வழியில் அடிபட்டுக் கிடந்தவனுக்கு உதவியவன் கதை. போகும் வழியில் ஒரு ஆள் சுருண்டு கிடந்து இருமி முனகும்படி ஏற்பாடு. நேரமாகிவிட்டது, ஓடு என்று விரட்டப்பட்டவர்களில் நின்று உதவியவர்கள் 10 சதவீதம். அவகாசம் இருந்தவர்களில் 63 சதவீதம். பேசப்போகிற தலைப்பு பெரிதாக உதவவில்லை. சமாரியனைப் பற்றிப் பேச ஓடியவர்களில் சிலர் கிடந்தவனைத் தாண்டியே போனார்கள்.

உண்மையான நற்குணம் அபூர்வம் என்று அரிஸ்டாட்டிலே ஒப்புக்கொண்டார் என அவர் ஆட்கள் சமாளிப்பார்கள். சமாளிப்பு பாதி சரி. மீதிக்கு என் யோசனை: நல்லவராக இருக்க ஆசைப்பட்டால் வீட்டை விட்டுப் பத்து நிமிடம் முன்னாடியே கிளம்புங்கள்.

கேள்வி: இந்த அறவியலைப் படித்தால் நல்லவனாகிவிடுவேனா? எதில் ஆரம்பிக்கலாம்?
— நூலக உறுப்பினர், மன்னார்குடி

வீடு கட்டிக் கட்டித்தான் கொத்தனார் ஆகிறோம், நியாயம் செய்து செய்துதான் நியாயவான் ஆகிறோம், வெறும் படிப்பு போதாது என்று அரிஸ்டாட்டிலே கைவிரித்துவிட்டார். ஆதாரமும் கிடைத்திருக்கிறது. எரிக் ஷ்விட்ஸ்கேபல் என்ற அமெரிக்கத் தத்துவப் பேராசிரியர், பல்கலைக்கழக நூலகங்களின் பட்டியல்களை எடுத்து, எந்தத் தத்துவப் புத்தகங்கள் அதிகம் காணாமல் போகின்றன என்று பார்த்தார். அறவியல் புத்தகங்கள்தான்! விஷயம் தெரிந்தவர்கள் மட்டுமே எடுக்கக்கூடிய கனமான அறவியல் நூல்கள், மற்றத் தத்துவ நூல்களைவிட ஏறக்குறைய 50 சதவீதம் கூடுதலாகத் தொலைந்திருந்தன.

இருந்தாலும் படியுங்கள். அரிஸ்டாட்டிலின் 'நிக்கோமாக்கிய அறவியல்' பத்துப் புத்தகங்கள் கொண்டது. நட்பைப் பற்றிய எட்டாவதிலும் ஒன்பதாவதிலும் ஆரம்பியுங்கள். ஆதாயத்துக்காகப் பழகுவது, ஜாலிக்காகப் பழகுவது, ஆளின் குணத்துக்காகப் பழகுவது என்று அவர் பிரித்துக்கொண்டே போகையில் உங்கள் வாட்ஸ்அப் குரூப்கள் ஒவ்வொன்றாக ஞாபகத்துக்கு வரும். நூலகத்தில் எடுத்தால் தவணைக்குள் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். பழைய பாக்கி ஏதாவது வீட்டில் இருந்தால் அதையும் கையோடு எடுத்துப் போங்கள்.