வாட்சனுக்குக் குண்டடி எங்கே?

கே: இலக்கியக் கோட்பாடு தெரியாமல் நாவல் படிக்கக் கூடாதா?
(கல்லூரி மாணவி, திருநெல்வேலி)

ப: தாராளமாகப் படிக்கலாம். முழங்காலில் எத்தனை எலும்பு என்று மூட்டுவலி வந்த பிறகுதானே விசாரிக்கிறோம்? அதுவரை நடந்துகொண்டுதான் இருந்தோம். ஆனால் கோட்பாடே இல்லாமல் படிப்பவர் யாரும் கிடையாது. "இது நடந்த கதையா சார்?" என்று கேட்கிறீர்கள் பாருங்கள், அதுவும் ஒரு கோட்பாடுதான். இந்த வாரம் வந்த தபாலில் முக்கால்வாசி அந்தக் கேள்வியின் பேரன் பேத்திகள்.

கே: அன்னா கரீனினா ரயிலில் விழுந்தபோது தேம்பித் தேம்பி அழுதேன். "இல்லாத பொம்பளைக்கு எதுக்கு அழறே?" என்கிறார் என் வீட்டுக்காரர். அவருக்கு என்ன பதில் சொல்ல?
(இல்லத்தரசி, கும்பகோணம்)

ப: உங்கள் வீட்டுக்காரர் தனக்கே தெரியாமல் தத்துவம் பேசியிருக்கிறார். காலின் ராட்ஃபோர்டு என்ற பிரிட்டிஷ் தத்துவ அறிஞர் 1975இல் இதே கேள்வியை, அதுவும் இதே அன்னாவை வைத்தே, ஒரு கட்டுரையாக எழுதினார். அதில் வரும் உதாரணம் அருமையானது. ஒருவர் உங்களிடம் தன் சகோதரி படும் பாட்டைச் சொல்கிறார். கேட்டு மனசு கலங்குகிறது. சொல்லி முடித்ததும் "எனக்கு சகோதரியே கிடையாது, சும்மா சொன்னேன்" என்கிறார். கலக்கம் போய்க் கோபம் வந்துவிடும். அப்படியிருக்க, 'சகோதரி கிடையாது' என்று அட்டையைப் பார்க்கும்போதே தெரிந்த ஒரு நாவலுக்கு மட்டும் அழுகை எப்படி வருகிறது? அழுவது மனித இயல்பு, ஆனாலும் அறிவுக்குப் பொருந்தாத முரண்பாடு என்று சொல்லி முடித்துக்கொண்டார் ராட்ஃபோர்டு.

மூன்று வருடம் கழித்து அமெரிக்காவிலிருந்து கெண்டல் வால்டன் வந்தார். சினிமாத் திரையில் பச்சை நிறத்தில் கூழ் போன்ற ஒரு பிராணி பார்வையாளரை நோக்கிப் பாய்கிறது. பார்ப்பவருக்கு நெஞ்சு படபடக்கிறது, ஆனால் அவர் எழுந்து ஓடவில்லை. ஆகவே அது அசல் பயம் அல்ல, விளையாட்டுக்குள் வரும் பயம் என்றார் வால்டன். நம் பிள்ளைகள் கொட்டாங்குச்சியில் மண்ணைப் போட்டுச் சோறாக்கி "சாப்பிடுங்க" என்று நீட்டுவார்கள். நாமும் வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோய் "பிரமாதம், உப்புதான் கொஞ்சம் தூக்கல்" என்போம். மண் என்பதும் தெரியும், சோறு என்பதற்கும் உடன்பட்டாயிற்று. வால்டனைக் கேட்டால், நாவல் என்பது வளர்ந்தவர்கள் ஆக்கும் கொட்டாங்குச்சிச் சோறு.

எனக்கு ஓர் இடத்தில் இடறுகிறது. ஓடாத பயத்தை அரைப் பயம் என்று சொல்லிவிடலாம், சரி. அழுகைக்கு ஓட்டம் தேவையில்லையே? நாம் பிறப்பதற்கு முன்பே செத்துப்போன கொள்ளுப்பாட்டியின் துயரத்தைக் கேட்டும் அழுகிறோம். அவளுக்காகவும் நம்மால் துரும்பைக் கிள்ளிப் போட முடியாது. அந்தக் கண்ணீரை யாரும் போலி என்று சொல்வதில்லை. ஆகவே உங்கள் கண்ணீரும் அசல் சரக்குதான். வீட்டுக்காரரிடம் இதை மட்டும் கேளுங்கள்: எங்கேயோ பதினோரு பேர் கிரிக்கெட்டில் தோற்றதற்கு இவர் ராத்திரி சாப்பிடாமல் படுத்தாரே, அது எந்தக் கணக்கில் சேரும்?

கே: 'ஷெர்லாக் ஹோம்ஸ் 221பி, பேக்கர் தெருவில் குடியிருந்தார்.' சரியா, தவறா? தேர்வில் வந்தால் என்ன எழுத?
(வேலை தேடும் பட்டதாரி, தர்மபுரி)

ப: சரி என்று எழுதிவிட்டு வாருங்கள், சண்டையை வெளியே வந்து வைத்துக்கொள்ளலாம்.

டேவிட் லூயிஸ் என்ற அமெரிக்கத் தத்துவ அறிஞர் 1978இல் இதற்கென்றே ஒரு கட்டுரை எழுதினார். ஹோம்ஸ் அங்கே குடியிருந்தார் என்று நாம் சொல்லும்போதெல்லாம், 'அந்தக் கதைகளின்படி' என்ற தொடர் முன்னால் கண்ணுக்குத் தெரியாமல் நிற்கிறது என்றார். ஆங்கிலத்துக்கு அது மறைந்துதான் நிற்க வேண்டும். தமிழில் மறைவே வேண்டாம், ஒரு 'ஆம்' போதும். 'ஒரு ஊரிலே ஒரு ராஜா இருந்தானாம்.' நடந்தது என்று பாட்டி சத்தியம் செய்யவில்லை, பொய் என்று ஒப்புக்கொள்ளவும் இல்லை. லூயிஸ் பக்கம் பக்கமாக எழுதியதை வெற்றிலை மெல்லும்போதே முடித்துவிடுகிறாள்.

ஆனால் அதற்கு அப்புறம் லூயிஸ் போன தூரம் பாட்டி போகாதது. கதையில் சொல்லாமல் விட்டதை எப்படி நிரப்புவது? ஹோம்ஸுக்குக் கல்லீரல் இருந்ததாக எங்கும் எழுதியிருக்காது. ஆனாலும் இருந்தது என்கிறோம். கதை மாற்றிச் சொல்லாத இடங்களில் நம் உலகத்தையே அங்கே கொண்டுபோய் வைத்துக்கொள்கிறோம். அப்படி வைத்த பிறகும் சில ஓட்டைகள் அடைபடாது. இன்ஸ்பெக்டர் லெஸ்ட்ரேடின் ரத்த வகை என்ன என்று லூயிஸே கேட்கிறார். பதில் யாருக்கும் தெரியாமல் போய்விட்டது என்பதல்ல விஷயம், பதில் என்று ஒன்று கிடையவே கிடையாது.

கதையே இரண்டு விதமாகச் சொன்னால் இன்னும் வேடிக்கை. ஹோம்ஸின் நண்பர் டாக்டர் வாட்சன் ஆப்கானிஸ்தானின் மைவந்த் போரில் குண்டடி பட்டவர். 1887இல் வந்த முதல் நாவலில் குண்டு பட்டது தோளில். 1890இல் வந்த இரண்டாவது நாவலில் காலில். கானன் டாயில் மறந்துபோனார், அவ்வளவுதான். ரசிகர்கள் விடுவார்களா? இரண்டு குண்டு என்றும், ஒரே குண்டுதான், வாட்சன் எந்தக் கோலத்தில் குனிந்திருந்தார் தெரியுமா என்றும் தலைமுறை தலைமுறையாக வழக்காடுகிறார்கள். எழுதியவரின் ஞாபகமறதியைக் கதைக்குள் ஒரு மருத்துவ அதிசயமாக மாற்றிவிடும் இந்தப் பக்தி எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

இன்னொன்று. டாயில் எழுதிய காலத்தில் பேக்கர் தெருவில் 221 என்ற இலக்கமே கிடையாது. பின்னால் இலக்கங்கள் மாறியபோது அது ஒரு நிதி நிறுவனத்தின் கட்டடத்துக்குப் போய்ச் சேர்ந்தது. ஹோம்ஸுக்கு உலகம் முழுவதிலிருந்தும் கடிதம் குவிய, அவற்றுக்குப் பதில் போடவே அந்த நிறுவனம் ஓர் ஆளை வைத்திருந்தது. சம்பளம் மட்டும் 'ஆம்' போடாமல் கொடுத்திருப்பார்கள்.

கே: ஆதித்த கரிகாலனைக் கொன்றது யார்? கல்கி மழுப்பிவிட்டாரே!
(ஓய்வுபெற்ற தபால் ஊழியர், காட்டுமன்னார்கோயில்)

ப: ஐயா, உங்கள் ஊர்க் கோயில் சுவரிலேயே பதிலை வைத்துக்கொண்டு என்னைக் கேட்கிறீர்கள். உடையார்குடிக் கல்வெட்டு சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்று கொலைகாரர்களைப் பெயர் சொல்லிக் குறிக்கிறது. அதில் நந்தினி கிடையாது. அவள் கல்கி பெற்ற பெண். வந்தியத்தேவன் அப்படியில்லை, குந்தவையின் கணவராகத் தஞ்சைக் கல்வெட்டில் இருப்பவர்.

இங்கே ஒரு வித்தியாசத்தைப் பாருங்கள். அந்தக் கல்வெட்டு கிடைக்காமலே போயிருந்தாலும், கரிகாலனை யாரோ சிலர் கொன்றது கொன்றதுதான். நமக்குத் தெரியாமல் போயிருக்கும், அவ்வளவே. 1950 முதல் 1954 வரை தொடராக வந்த 'பொன்னியின் செல்வன்' நாவலின் கரிகாலன் விஷயம் வேறு. விளக்கு அணைந்த அந்த அறையில் யார் கை ஓங்கியது என்பதற்குக் கல்கி எழுதியதைத் தாண்டி ஒரு சாட்சி கிடையாது. தோண்டினால் அகப்படும் என்பதற்கு அங்கே மண்ணே இல்லை. லெஸ்ட்ரேடின் ரத்த வகை மாதிரிதான்.

மழுப்பல் என்கிறீர்கள். நான் அதை சாமர்த்தியம் என்பேன். தெளிவாகச் சொல்லியிருந்தால் இத்தனை வருடம் கழித்து நீங்கள் தபால்தலை ஒட்டியிருப்பீர்களா?

கே: கதை சொல்பவனே பொய் சொன்னால்?
(வங்கி ஊழியர், ஈரோடு)

ப: நம்பத்தகாத கதைசொல்லி என்று அவனுக்குப் பெயர். 1961இல் வெய்ன் பூத் என்ற அமெரிக்க விமர்சகர் வைத்தது. 1926இல் வெளிவந்த ஒரு துப்பறியும் நாவல்தான் இதற்கு மிகச் சிறந்த உதாரணம். பெயரைச் சொன்னால் அதன் முடிவைச் சொன்னதாகிவிடும், ஆகவே மாட்டேன்.

கே: 'ஆசிரியர் இறந்துவிட்டார்' என்கிறார்களே, எப்போது? ராயல்டி யாருக்குப் போகிறது?
(பதிப்பாளர், சென்னை)

ப: நீங்கள் கேட்பதன் நோக்கம் புரிகிறது. ராயல்டியை ஒழுங்காக அனுப்பிவையுங்கள்.

மரணத்தை அறிவித்தவர் ரோலான் பார்த். வருடம் 1967. பிரெஞ்சுக்காரர் என்றாலும் அந்தக் கட்டுரை முதலில் வந்தது ஆங்கிலத்தில், அமெரிக்காவில், பெட்டிக்குள் போட்டு விற்கப்பட்ட ஒரு விசித்திரமான பத்திரிகையில். ஒரு பிரதியின் அர்த்தத்தை எழுதியவரின் வாழ்க்கையிலும் உத்தேசத்திலும் தேடாதே, அது வாசகரிடத்தில்தான் வந்து கூடுகிறது என்பது அவர் கட்சி. எழுதுபவர் எழுத்துக்கு முன்னாலேயே இருந்துகொண்டு அதைப் பெற்றெடுப்பதில்லை, எழுத்தோடு சேர்ந்தே பிறக்கிறார் என்றும் சொன்னார். 1980 பிப்ரவரியில் பாரிஸ் தெரு ஒன்றில் சலவைக்கடை வேன் மோதி, ஒரு மாதம் கழித்து இறந்தார். அந்த விபத்தைச் சொல்லாமல் அவரைப் பற்றி யாராலும் எழுத முடியவில்லை, என்னாலும்தான். ஆசிரியரின் வாழ்க்கையை மறந்துவிடச் சொன்னவருக்கு நாம் செய்யும் மரியாதை இது.

எழுத்தோடு பிறந்த ஆசிரியரைக் கண்ணால் பார்க்க வேண்டுமானால் குறுந்தொகையைத் திறவுங்கள். 40ஆம் பாட்டைப் பாடியவர் செம்புலப்பெயல்நீரார். அடுத்த பாட்டு அணிலாடு முன்றிலார். பெற்றவர்கள் வைத்த பெயர் என்னவோ, யாருக்கும் தெரியாது. பாட்டில் வரும் உவமையே பாடியவருக்குப் பெயராகிவிட்டது. பாட்டு பெற்றெடுத்த புலவர்கள்!

ஆனால் நம் தேர்வுத்தாளில் 'ஆசிரியர் இதன் மூலம் கூற விழைவது யாது?' என்று கேட்டால், 'ஆசிரியர் இறந்துவிட்டார்' என்று எழுதிவிடாதீர்கள். ஐந்து மதிப்பெண்ணும் கூடவே இறந்துவிடும்.

கே: கட்டுடைத்தல் என்றால் என்ன? ஒரே வரியில்.
(அவசரக்காரர், கோவை)

ப: சட்டையை உள்பக்கமாகத் திருப்பி, எங்கே ஒட்டுப்போட்டிருக்கிறது என்று காட்டுவது. இரண்டாவது வரி இலவசம்: சட்டையே இல்லை என்று, கட்டுடைத்தலை முன்வைத்த பிரெஞ்சுத் தத்துவ அறிஞர் தெரிதா சொல்லவில்லை, அவர் பெயரைச் சொல்லித் திரிபவர்கள்தான் சொல்கிறார்கள்.

கே: எல்லாவற்றுக்கும் வெள்ளைக்காரன் பெயர்தானா? புனைவு பற்றி நம்மவர்கள் யோசிக்கவே இல்லையா?
(தமிழாசிரியர், மதுரை)

ப: ஐயா, கோபம் நியாயம். ஆனால் 'எல்லாம் தொல்காப்பியத்திலேயே இருக்கிறது' என்று சொல்லிவிட்டுத் தொல்காப்பியத்தைத் திறக்காமல் இருப்பதும் நம் வழக்கம்தான். திறந்தால் என்ன இருக்கிறது? நாடக வழக்கு, உலகியல் வழக்கு என்று இரண்டைச் சொல்லி, இரண்டும் கலந்துதான் கவிதை என்கிறார் தொல்காப்பியர். அதாவது அன்றாடம் நடப்பதும், நடந்ததாகச் சமைத்துக்கொள்வதும். மேலே ஒரு விதியும் போடுகிறார்: அகப்பாட்டில் காதலர்களின் பெயர் வரக் கூடாது. தலைவன், தலைவி, தோழி, அவ்வளவுதான். பெயர் வந்தால் அது இன்னாருடைய சமாச்சாரம் ஆகிவிடுகிறது.

இந்த விதி எவ்வளவு கூர்மை என்பதற்கு நெடுநல்வாடையே சாட்சி. நக்கீரர் பாடிய 188 அடிகள். கூதிர்கால இரவு, அரண்மனையில் உறங்காத அரசி, பாசறையில் உறங்காத அரசன். அரசன் நள்ளிரவில் எழுந்து, புண்பட்ட வீரர்களைப் பார்த்து வருகிறான். யார் பெயரும் இல்லை. படித்தால் பிரிவின் பாட்டு, சுத்தமான அகம். ஆனால் அரசனுக்கு முன்னால் நடப்பவன் கையில் ஒரு வேல், அந்த வேலின் தலையில் வேம்பு கட்டியிருக்கிறது. வேம்பு பாண்டியரின் அடையாளம். 'ஆகவே இவன் பாண்டியன், ஆகவே இது புறம்' என்று தீர்ப்பெழுதினார் உரைகாரர் நச்சினார்க்கினியர். ஒரு கொத்து வேப்பிலையால் ஒரு கற்பனை, வரலாற்றுக்குள் விழுந்துவிட்டது.

தீர்ப்பை ஏற்கத்தான் வேண்டுமா? நான் ஏற்கவில்லை. அந்த அரசியின் துக்கத்துக்கு முன்னால் வேப்பிலை சின்ன விஷயம் என்று இன்னும் நினைக்கிறேன். ஆனால் புனைவுக்கும் நடப்புக்கும் நடுவில் இருக்கும் கோடு எவ்வளவு மெல்லியது என்பதை நச்சினார்க்கினியர் அளவுக்கு நுணுகிப் பார்த்தவர்களை நான் பிரெஞ்சுக்காரர்களிடமும் அதிகம் காணவில்லை.

கே: சினிமாவில் 'கதாபாத்திரங்கள் அனைத்தும் கற்பனையே' என்று போடுகிறார்களே, யாரும் கேட்காமலே?
(ஆட்டோ ஓட்டுநர், சேலம்)

ப: கேட்டார்கள் அண்ணே, அதுவும் கோர்ட்டில் கேட்டார்கள். 1932இல் ஹாலிவுட்டில், ரஷ்ய ஜார் குடும்பத்தில் செல்வாக்கோடு இருந்த சாமியார் ரஸ்புடின் பற்றி ஒரு படம் வந்தது. இது நிஜ மனிதர்களின் கதை என்ற தோரணையில் தொடங்கும். அதில் ரஸ்புடினிடம் சீரழியும் ஓர் இளவரசி வருகிறாள், பெயர் நதாஷா. ரஸ்புடினைக் கொன்றவர்களில் ஒருவரான யூசுப்போவின் மனைவி இரினா, "பெயரை மாற்றினாலும் அது நான்தான்" என்று லண்டனில் வழக்குப் போட்டு 1934இல் ஜெயித்தார். நஷ்டஈடு 25,000 பவுண்டு. 'யாரையும் குறிப்பிடுவன அல்ல' என்ற அட்டை அதன் பிறகுதான் ஹாலிவுட்டில் வழக்கமாயிற்று. நச்சினார்க்கினியர் நீதிபதியாக இருந்திருந்தாலும் இதே தீர்ப்புதான்: படத்தில் வேப்பிலை தெரிந்துவிட்டது.

கே: ஜே.ஜே. எழுதிய நூல்கள் எங்கே கிடைக்கும்? மலையாளத்திலாவது உண்டா?
(நூலகர், நாகர்கோவில்)

ப: எங்கும் கிடைக்காது. ஜோசஃப் ஜேம்ஸ் என்ற மலையாள எழுத்தாளர், சுந்தர ராமசாமி 1981இல் 'ஜே.ஜே: சில குறிப்புகள்' நாவலில் படைத்தவர். ஆனால் உங்களைக் குறை சொல்ல மாட்டேன். பிரெஞ்சு எழுத்தாளர் ஆல்பெர் காம்யூ கார் விபத்தில் இறந்தது 1960 ஜனவரி 4. ஜே.ஜே. இறப்பதோ அதற்கு மறுநாள். அசல் சாவு ஒன்றின் பக்கத்தில் கற்பனைச் சாவைப் படுக்க வைத்துவிட்டார் சு.ரா. எல்லோரும் வேப்பிலையை ஒளிக்கப் பார்ப்பார்கள், இவர் கடையில் வாங்கி வந்து கட்டினார்.

கே: இந்தப் பகுதியில் வரும் கேள்விகள் எல்லாம் உண்மையிலேயே வாசகர்கள் அனுப்புபவையா, அல்லது நீங்களே எழுதிக்கொள்கிறீர்களா?
(சந்தேகப் பிராணி, விழுப்புரம்)

ப: வாசகர்கள் அனுப்பினார்களாம். யார் பெயரையும் போடவில்லை, கவனித்தீர்களா? எங்காவது வேப்பிலை தென்பட்டால் எழுதுங்கள்.