தன் காய்ச்சலுக்குத் தானே சம்மதம்

மண்டூரிலிருந்து பாதையேறி வாவி கடந்து, களுவாஞ்சிகுடி ஆதார வைத்தியசாலைக்குப் போகிறவரின் பையில் கிளினிக் கொப்பி இருக்கும். தன் காசில் வாங்கியது. பிரஷர், சுகர், மருந்து எல்லாம் அதில்தான். ஆவணக் காப்பாளரும் அவரே, சம்பளம்தான் இல்லை.

விடுதியில் படுத்தெழும்பினால் கதை வேறு. கையில் வருவது ஒரு டயக்னோசிஸ் கார்ட். நாளாந்தக் குறிப்புகள் நிறைந்த பெட் ஹெட் டிக்கெட் வைத்தியசாலையிலேயே தங்கிவிடும்.

பிரதி கேட்க 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் உண்டு. அதன் 5ஆம் பிரிவோ, தேசியப் பாதுகாப்போடு மருத்துவ அறிக்கைகளையும் மறுக்கத்தக்கவற்றில் சேர்த்திருக்கிறது. உரியவர் எழுத்தில் சம்மதித்தால் சரி. ஆகவே தன் காய்ச்சலைத் தனக்குச் சொல்வதில் தனக்கு ஆட்சேபனையில்லை என்று நோயாளி எழுதிக் கொடுக்கலாம்.

தீர்மானிக்கத் தகவல் அலுவலருக்கு 14 வேலை நாட்கள். போயா தினம் கணக்கில் வராது.