கொள்ளுத்தாத்தா வேடத்தில் கேரி கூப்பர்

எந்தக் குடும்பத்தைக் கிளறினாலும் ஏமாற்றப்பட்ட ஒரு கொள்ளுத்தாத்தா கிடைப்பார். ஏமாற்றிய கொள்ளுத்தாத்தா மட்டும் யார் வீட்டிலும் இருந்ததில்லை.

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ராஸ் மெக்எல்வீக்கு வாய்த்தவர் ஜான் ஹார்வி மெக்எல்வீ. உள்நாட்டுப் போருக்குப் பிறகு வட கரோலினாவில் புகையிலை வியாபாரத்தில் இறங்கி ஓகோவென்று இருந்தவர். காளை மார்க் போட்ட டர்ஹம் புகையிலை இவருடையதாம். டியூக் குடும்பம் அதைச் சுருட்டிக்கொண்டு போய்விட்டதாம். இது மெக்எல்வீ வீட்டுப் புராணம்.

கொள்ளுத்தாத்தா கோர்ட்டுக்கு நடந்தார். ஜேம்ஸ் புக்கானன் டியூக்கோ சிகரெட் சுருட்ட இயந்திரம் வாங்கிப்போட்டார். 1890-ல் அவர் உருவாக்கிய அமெரிக்கன் டொபாக்கோ கம்பெனி, 1911-ல் உச்சநீதிமன்றமே உடைத்துப்போட வேண்டிய அளவுக்குக் கொழுத்தது. 1924-ல் ஒரு கல்லூரிக்குக் கோடிக்கணக்கில் கொட்டிக் கொடுத்தார். அது டியூக் பல்கலைக்கழகம் ஆனது. மெக்எல்வீக்களின் பெயர் தாங்கி நிற்பது ஒரு குட்டிப் பூங்கா. உட்கார்ந்து பெருமூச்சு விடலாம்.

புகையிலை கைவிட்டுப் போனாலும் வருமானம் அடியோடு போய்விடவில்லை. தாத்தா, அப்பா, சகோதரர் என்று மூன்று தலைமுறையாக டாக்டர்கள். டியூக் இருமவைத்தார், இவர்கள் ஸ்டெதாஸ்கோப் வைத்தார்கள். இப்படி ஒரு தொழில் ஒப்பந்தம் பங்காளிகளுக்குள்கூட அமையாது.

ஒருநாள் சினிமாப் பைத்தியமான சொந்தக்காரர் ஒருவர், மைக்கேல் கர்டிஸ் 1950-ல் எடுத்த ‘பிரைட் லீஃப்’ படத்தைப் போட்டுக் காட்டினார். புகையிலை அதிபராக கேரி கூப்பர்! நம்ம கொள்ளுத்தாத்தாவேதான் என்று ராஸுக்குப் பொறி தட்டியது. சொத்து போனால் என்ன, ஹாலிவுட் நமக்குக் கோயில் கட்டியிருக்கிறதே! கேமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பியவர் 2003-ல் ‘பிரைட் லீவ்ஸ்’ படத்தோடு வந்தார்.

போன வழியெல்லாம் கூத்து. ‘பிரைட் லீஃப்’ படத்தில் கூப்பரோடு நடித்த, நிஜத்திலும் அவரைக் காதலித்த பட்ரீஷியா நீலிடம் போய், திரையில் தெரிவது நடிப்பா நிஜமா என்று துருவுகிறார்; அம்மையார் பிடி கொடுக்கவில்லை. விளாடா பெட்ரிச் என்ற சினிமாப் பேராசிரியரோ ராஸைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்து, தள்ளிக்கொண்டே பாடம் எடுக்கிறார். பேட்டியென்றால் அசைவு வேண்டுமாம்!

கடைசியில் ‘பிரைட் லீஃப்’ படத்தின் மூல நாவலை எழுதிய ஃபாஸ்டர் ஃபிட்ஸ்சிம்மன்ஸின் மனைவியைப் பிடித்தார். ‘இல்லையப்பா, அது உன் கொள்ளுத்தாத்தா இல்லை’ என்கிற அர்த்தத்தில் அவர் அலட்டிக்கொள்ளாமல் சொல்லிவிட்டார். நம் வீடாக இருந்தால் அந்த அம்மாளை எடிட்டிங் மேசையிலேயே தீர்த்துக் கட்டியிருப்போம். ராஸ் படத்தில் அப்படியே வைத்திருக்கிறார்.

எனக்கு உறுத்துவது இன்னொன்று. கூப்பர் படத்தின் நாயகன் மேலே வருவதே சிகரெட் இயந்திரத்தின் தயவில். நிஜத்தில் அந்த இயந்திரத்தால் கொழித்தவர் யார்? டியூக். காளையை ஓட்டிக்கொண்டு போன மகராசன், கேரி கூப்பரையும் விட்டுவைக்கவில்லை போலிருக்கிறது.