தழைக்கோழிச் சூட்டியல்: உறையூர்ச் சான்றுகளை முன்வைத்து

சென்ற மாதம் ஒரு பன்னாட்டுக் கருத்தரங்குக்குப் போயிருந்தேன். பன்னாடு என்றால், வெளிநாட்டிலிருந்து ஒருவர் ஜூமில் வந்து, குரல் கேட்காமலே போய்விட்டார். ‘சங்க இலக்கியத்தில்’ என்று தொடங்கும் பதினேழு கட்டுரைகள் வாசித்தார்கள். இது பதினெட்டாவது.

ஆய்வுப் பொருள்: மல்லி, புதினா, பச்சைமிளகாய் அரைத்த விழுதில் ஊறிய கோழியைக் கரியில் சுடுவது. ஆய்வுக்களம்: காவிரியின் இரு கரைகள். இலை வாங்குவது ஸ்ரீரங்கத்தில், குடியிருப்பு அங்கே. கறி வாங்குவதும் சுடுவதும் உறையூரில், நண்பனின் மொட்டைமாடியில். என் வாடகை ஒப்பந்தத்தின் இரண்டாம் விதி ‘சைவம் மட்டும்’. (முதல் விதி, சுவரில் ஆணி அடிக்கக்கூடாது.) இரு கரைகளுக்கும் உள்ள உறவுக்கு இதைவிடப் பெரிய சான்று உண்டு. பங்குனியில் நம்பெருமாள் உறையூருக்கு எழுந்தருளி நாச்சியாரோடு சேர்த்தி சேவை சாதிக்கிறார். அதை இங்கே இழுத்தால், ஒரு ஆணியும் அடிக்காமலே வீட்டைக் காலி செய்ய வேண்டியிருக்கும்.

உறையூருக்குக் கோழியூர் என்றும் பெயர். சேவல் ஒன்று யானையை எதிர்த்து விரட்டிய இடம் என்பது ஐதிகம். பஞ்சவர்ணசுவாமி கோயிலில் அந்தச் சண்டை கல்லிலேயே இருக்கிறது. வாரணம் என்றால் யானை. கோழிக்கும் வாரணம் என்றே பெயர். ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் கிடைத்தால் ஆய்வாளருக்கு இரண்டு கட்டுரை. மூன்று கிடைத்தால் பதவி உயர்வு. நான் இன்னும் ஒரு படி ஏறுகிறேன். கரி என்றாலும் யானைதான். ஆக, அன்று உறையூரில் கோழி கரியை வென்றது. இன்று ஞாயிறுதோறும் அதே உறையூரில் கரி கோழியை வெல்கிறது. இதை எனக்கு முன்னால் யாராவது சொல்லியிருந்தால், அவர் என்னைப் பார்த்து எழுதியவர்.

கரிகாலன் பெயரிலும் தகராறு உண்டு. நெருப்பில் கால் கரிந்தவன் என்பது ஒரு கட்சி. யானைகளுக்குக் காலன் என்பது எதிர்க்கட்சி. இரு கட்சியாரும் அடுப்பங்கரைப் பக்கமே வராதவர்கள். தொடைக்கறியைத் திருப்ப மறந்துவிட்டுப் பேசிக்கொண்டிருந்தால் கரிகாலன் எப்படி உருவாகிறான் என்பது கண்கூடாகத் தெரியும் (நண்பன், கையில் இடுக்கியோடு, வாய்மொழி).

அந்தக் கரிகாலனைப் பாடும் பொருநராற்றுப்படையில், இரும்புக் கம்பியில் கோத்துச் சுட்ட கறியைச் சூடு பொறுக்காமல் வாயின் இருபுறமும் மாற்றி மாற்றி ஒதுக்கித் தின்றார்கள். அங்கே ‘கோழூன்’ என்று ஒரு சொல். கோழி ஊன் என்று பிரித்துக் கட்டுரையை அப்போதே முடித்திருப்பேன். கொழுத்த கறி என்றுதான் பொருளாம். உரைகாரர்கள் சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்து எழுதியிருக்கிறார்கள். மிளகாய்க்கும் அங்கே இடமில்லை. அது போர்ச்சுகீசியரோடு வந்து சேர்ந்த சரக்கு.

தழைவிழுது நால்வகைப்படும். மல்லி மட்டும்: நன்று. புதினா மட்டும்: பற்பசை. கறிவேப்பிலை மிகுந்தது: கசக்கும். இரண்டு பங்கு மல்லிக்கு ஒரு பங்கு புதினா: இதுவே சிறந்தது. கொசுறுச் சிக்கல் எழுவதும் இதில்தான்.

கொசுறாவது, காய் வாங்கி முடித்தவர் பையில் கடைசியாக விழும் மல்லியும் கறிவேப்பிலையும். அது கேட்டுப் பெறுவது, கேளாமல் விழுவது, நின்று பெறுவது என மூன்று. கேட்டுப் பெறுவது இழிவு. கேளாமல் விழுவது பல வருட வாடிக்கைக்கு. நின்று பெறுவதாவது, பையின் வாயை மூடாமல், சில்லறை எண்ணுவது போலவே நின்றுகொண்டிருப்பது. என் மனைவி இதில் முனைவர். கொசுறு ஒரு சார்பெழுத்து. கத்திரிக்காய் என்னும் முதலெழுத்து இல்லாமல் அது தனித்து ஒலிக்காது. எனக்கு வேண்டியதோ நாலு கட்டு மல்லி மட்டும். மல்லி வாங்கியவனுக்கு எதைக் கொசுறாகக் கொடுப்பது? மல்லியையே கொடுத்தால் அது தள்ளுபடி, கொசுறு ஆகாது. இலக்கணப்படி யோசித்து, ஒரு கத்திரிக்காயைக் கொசுறாகக் கேட்டேன். கீரைக்காரம்மா ஈரச்சாக்கை உதறி விரித்துக்கொண்டே என்னை ஏற இறங்கப் பார்த்தார். “நாலு கட்டு மல்லி எதுக்கு சாமி, வீட்ல விசேஷமா?” துவையலுக்கு என்றேன். “துவையலுக்கு இம்புட்டுப் பூண்டா?” என்றார், என் பையைப் பார்த்து (கீரைக்காரம்மா, சாக்குவிரிப்பு உரை, ஐயவியல், இரண்டாம் வினா; களம்: சித்திரை வீதி முனை, கிழிந்த குடையின் நிழல்; மேற்பார்வை: பக்கத்தில் வாழைப்பூவுக்குப் பேரம் பேசிய மாமி; மாற்றுக் கருத்து: ஒரு பசு, தலையசைத்தது, பதிவு செய்யப்படவில்லை). வேறு வழியின்றி அரைக்கிலோ கத்திரிக்காய் வாங்கி, ஒரு கட்டு மல்லியை இலவசமாகப் பெற்றேன். ஆய்வுத் திட்டங்களுக்கு வரவுசெலவு இப்படித்தான் போடுகிறார்கள் என்று பிற்பாடு தெரிந்தது.

இனி செய்முறை. மல்லித்தண்டை எறியாதீர்கள், வாசம் அதில் இருக்கிறது, புதினாத்தண்டை எறிந்துவிடுங்கள். மிக்சியில் இரண்டு ஐஸ்கட்டி போட்டு அரைத்தால் விழுது சூடேறாது. இஞ்சி, பூண்டு, கட்டித்தயிர், உப்பு. கறிக்குள் இறங்குவது உப்பு. இலையெல்லாம் மேலோடு நின்றுவிடும். ஆகவே தொடையில் எலும்பு தட்டும்வரை கீறி, விழுதைக் கீறலுக்குள் விரலால் திணிக்க வேண்டும். எலுமிச்சையில் இரவு முழுக்கப் போட்டால் கறி மாவாகிவிடும். பச்சை நிறம் நிலைக்காது. புளிப்பும் சூடும் சேர்ந்ததும் பச்சையத்திலிருந்து மக்னீசியம் கழன்று இலை காக்கியாகிவிடும். சுட்ட பிறகும் கிளிப்பச்சையாக இருக்கும் கோழியில் சாயம் இருக்கிறது.

கரிமேல் சாம்பல் பூத்த பிறகு, மேலே அப்பிய விழுதை வழித்துவிட்டு வைக்கிறோம். கொழுப்பு ஒரு சொட்டு விழுந்து ‘சுர்’ரென்கிறது. தீ நாக்கை நீட்டுகிறது. நண்பன் பனையோலை விசிறியை நிறுத்துகிறான். தோல் ஓரத்தில் சுருங்கிக் கொப்புளிக்கிறது. எலும்போரம் 74 டிகிரி செல்சியஸ் வந்தால் வெந்தது. இறக்கும் முன், கறி படாமல் தனியே எடுத்து வைத்த விழுதை ஒரு கை தடவுகிறோம்.

புகை என் சட்டையில் கொசுறாக ஒட்டிக்கொண்டு காவிரிப் பாலம் தாண்டி வந்துவிட்டது. வாசலில் வீட்டுக்காரர். “எங்கேயாவது ஹோமமா?” என்றார். நான் ஆமோதிக்கவில்லை, மறுக்கவும் இல்லை. மறுக்கப்படாத கருதுகோள் நிறுவப்பட்டதாகவே கொள்ளப்படும் என்பது கருத்தரங்க மரபு.

இந்த ஆய்வைத் தொடர விரும்பும் முனைவர் பட்ட மாணவர்கள் ஞாயிறு பகல் பன்னிரண்டுக்குள் உறையூர் மாடிக்கு வந்து சேரவும். கறி அவர்கள் வாங்கி வர வேண்டும். மல்லி என் பொறுப்பு. கத்திரிக்காயும் இருக்கிறது.