இருபத்தைந்தாம் தேதிக்கு வாழ்த்து

ஜப்பானின் மாதச் சம்பள முறையே, நீ வாழ்க! ஏப்ரல் 1 அன்று ஆலையில் முறுக்கிய திருகாணிக்கு மே 25 அன்று கூலி கொடுக்கிறாய். மாதக் கடைசியில் கணக்கை முடித்து, மறுமாதம் 25-ஆம் தேதி பட்டுவாடா செய்வது அங்கே பல நிறுவனங்களின் வழக்கம். அந்தத் தேதி ஞாயிற்றுக்கிழமையில் விழுந்தால் பெரும்பாலும் வெள்ளிக்கிழமையே தந்துவிடுகிறாய். ஐம்பது நாளுக்கு மேல் காக்கவைத்த கை, கடைசியில் இரண்டு நாள் முந்துகிறதே, அந்தத் தாராளத்தை எந்த நாவால் புகழ்வது!

சட்டத்தை உன்போல் மதிப்பவர் யார்? மாதம் ஒரு முறையாவது, குறித்த தேதியில், முழுக் கூலியையும் கொடு என்கிறது 1947-ஆம் ஆண்டுத் தொழிலாளர் தரநிலைச் சட்டம். வாரந்தோறும் கொடுத்தால் அது தடுக்கப்போவதில்லை. நீயோ அதன் கடைசி எல்லையில் கால் பதித்து, ஓர் அங்குலமும் நகராமல் நிற்கிறாய்.

குடும்பங்களுக்கு நீ தந்த கல்வியும் கொஞ்சமா? 20-ஆம் தேதி தாண்டினால் வீட்டுக்காரி இரவு எட்டு மணிக்கு மேல்தான் சூப்பர் மார்க்கெட்டுக்குப் போகிறாள். ஊழியர் மீன் தட்டுகளில் பாதி விலைச் சீட்டு ஒட்டும்வரை, பக்கத்து அலமாரியில் எதையோ தேடுவதுபோல் நிற்கிறாள். சீட்டு ஒட்டாத நாளில் மொயாஷிதான். சில பத்து யென்னுக்குக் கிடைக்கும் அந்தப் பயறு முளை, இன்று வதக்கல், நாளை சூப், மறுநாள் கணவரின் மதிய டப்பா. 2025-ல் 5 கிலோ அரிசி 4,000 யென்னைத் தாண்டியபோது அரிசியையும் அளந்து போடக் கற்றுக்கொடுத்தாய். மனைவி எண்ணித் தரும் கைச்செலவுக் காசை மிச்சம் பிடிக்க, வீட்டு பார்லி டீயைக் குடுவையில் சுமக்கக் கணவருக்கும் கற்பித்தாய்.

அவர் அவசரத்துக்கு 50,000 யென் கடன் வாங்கினால், ஆண்டுக்கு 20 விழுக்காடு வரை வட்டி வாங்கச் சட்டம் இடம் தருகிறது. உன்னிடம் அவர் விட்டுவைத்திருக்கும் உழைப்பின் பணத்துக்கோ ஒரு யென் வட்டி இல்லை. கடன் கொடுத்தவரே காலைதோறும் வாங்கியவர் முன் குனிந்து வணங்கி, பணம் திரும்பிய அன்று நன்றியும் சொல்லும்படி பழக்கிவிட்டாய். உன்னைவிடப் பெரிய கடனாளி உலகில் உண்டா?